‘நோ’ என்றார் வேங்கடபதி

ஒரு காட்டில் வேங்கடபதி என்ற புலி தலைவராக இருந்தார். புலி தலைவராக இருப்பதில் அதிசயம் எதுவும் இல்லை. அவர் நகரத்துக்குப் போய்வந்தவர் என்பதுதான் அதிசயம். வழி தவறித் தேயிலைத் தோட்டத்துக்குள் நுழைந்தவரை மயக்க ஊசி போட்டுப் பிடித்துக்கொண்டு போனார்கள். நான்கு மாதம் மிருகக்காட்சி சாலையில் வைத்திருந்து, காலில் இருந்த காயத்தை ஆற்றி, லாரியில் கொண்டுவந்து காட்டோரத்தில் இறக்கிவிட்டார்கள்.

அவர் வந்து சேர்ந்த மூன்றாம் நாள் வரவேற்புக் கூட்டம் நடந்தது. கூட்டத்தை நடத்தியவர் காட்டுப்பன்றி நஞ்சப்பன். அவர் மந்தையில் நாற்பது உருப்படி இருந்ததால் காட்டில் எந்தக் கூட்டம் நடந்தாலும் அவர்தான் நடத்துவார்.

"ஐயா நாலு மாசம் டவுன்ல இருந்துட்டு வந்திருக்கீங்க. எங்களுக்கு ரெண்டு வார்த்தை சொல்லோணும்" என்று நஞ்சப்பன் கேட்டுக்கொண்டார்.

வேங்கடபதி பாறை மேல் எழுந்து நின்றார். வாயைத் திறந்தார்.

"நோ…" என்றார். சட்டென்று வாயை மூடிக்கொண்டார். அவர் கண்களில் நீர் திரண்டது.

 அப்போது வேங்கை மரக் கிளையிலிருந்து ஒரு மைனா கத்தியது: "ஐயையோ, இங்கிலீசு!"

கைதட்டல் அடங்க வெகுநேரம் ஆயிற்று.

அந்த மைனாவின் பெயர் ரோசலின். மலையடிவாரத்தில் இருக்கும் கான்வென்ட் பள்ளியில், இரண்டாம் வகுப்பு ஜன்னலுக்கு மேலே மூன்று வருடம் கூடு கட்டி வாழ்ந்தவள். பள்ளிக்கு வெள்ளையடித்தபோது கூட்டைக் கலைத்துவிட்டதால் காட்டுக்குக் குடிவந்தாள். எல்லோரும் அவளை டீச்சரம்மா என்றுதான் கூப்பிடுவார்கள். அவள் யாருக்கும் எதுவும் கற்றுக்கொடுத்ததில்லை. ஆனாலும் அவள் தலையைச் சாய்த்துப் பார்க்கிற பார்வைக்கு வேறு பெயர் பொருந்தாது.

"ஐயா என்னங்கம்மா சொன்னாரு?" என்று நஞ்சப்பன் கேட்டார்.

"பெரிய வார்த்தை சொல்லியிருக்கார்" என்றாள் ரோசலின். "எங்க ஸ்கூல்ல சிஸ்டர் நாள் முழுக்க அந்த ஒரு வார்த்தையை வச்சுக்கிட்டுத்தான் நாப்பது பிள்ளைகளை மேய்ச்சாங்க. சொல்ற விதத்துல சொன்னா அதுல எல்லாம் அடங்கிடும். இப்ப ஐயா கண்ணுல தண்ணியோட சொன்னார் பாருங்க, அதுக்கு அர்த்தம், ‘ஐயோ, எனக்கு இவ்வளவு பெரிய மரியாதையா, வேண்டாமே’ங்கறது."

கூட்டம் உருகிவிட்டது. அன்றே தலைவரின் மொழிபெயர்ப்பாளராக ரோசலினை நியமித்தார்கள். தலைவர் உட்காரும் பாறைக்கு நேர் மேலே இருந்த கிளையை அவளுக்கு ஒதுக்கினார்கள்.

அதற்குப் பிறகு நிர்வாகம் ஜோராக நடந்தது. யார் என்ன கேட்டாலும் வேங்கடபதி "நோ" என்பார். ரோசலின் தலையைச் சாய்த்து யோசித்து அர்த்தம் சொல்வாள். ஒரு நாள் புள்ளிமான்கள் நடுங்கிக்கொண்டே வந்து, "எங்க கதி என்னங்க சாமி?" என்று கேட்டன. வேங்கடபதி அவற்றை ஏக்கத்தோடு ஒரு பார்வை பார்த்துவிட்டு, "நோ" என்று முனகினார்.

"நோ நான்வெஜ்" என்றாள் ரோசலின்.

மான்களால் நம்ப முடியவில்லை. ஆனால் அன்றிலிருந்து தலைவர் ஓடைக்கரையில் மெத்தென்ற தவளையையும் நத்தையையும் தேடிப் பிடித்து, மெல்லாமல் விழுங்குவதைக் கண்ணாலேயே பார்த்தன. நகரம் ஒருவரை இவ்வளவு நல்லவராக மாற்றுமா என்று பேசிக்கொண்டன. சில மான்கள் அவர் தூங்கும்போது பக்கத்தில் நின்று புல் மேயவும் துணிந்தன.

இப்படி இருக்கும்போது கோடை வந்தது. ஓடை வற்றியது. காட்டில் தண்ணீர் மிஞ்சிய இடம் கல்லுக்குட்டை ஒன்றுதான். விடிந்தும் விடியாமலும் நஞ்சப்பனின் நாற்பது பன்றிகளும் அதில் இறங்கிவிடும். உச்சி வெயில் வரை புரளும். அவை கரையேறும்போது குட்டையில் தண்ணீர் இருக்காது, குழம்பிய சேறுதான் இருக்கும். முயலும் கீரியும் உடும்பும் அதைத்தான் குடிக்க வேண்டும்.

அந்தக் காட்டில் பாவாத்தாள் என்று ஓர் அழுங்கு இருந்தாள். உடம்பெல்லாம் ஓடு, வாயில் பல்லே கிடையாது, நாக்கு மட்டும் முழ நீளம். எறும்புப் புற்றில் நாக்கை விட்டுப் பிழைக்கிற சீவன். பயம் வந்தால் பந்தாகச் சுருண்டுகொள்வாள், அவளுக்குப் பயம் அடிக்கடி வரும். அவளுக்குப் பூவாள் என்று ஒரே ஒரு பெண்குட்டி. அம்மாவின் வால் மேல் குப்புறப் படுத்துக்கொண்டு சவாரி போகும். சேற்றுத் தண்ணீர் குடித்துக் குடித்துப் பூவாளுக்கு வயிற்றுப்போக்கு வந்தது. வாலைப் பிடிக்கக்கூடத் தெம்பில்லாமல் நழுவி நழுவி விழுந்தாள்.

பாவாத்தாள் பயத்தை விழுங்கிக்கொண்டு தலைவரிடம் மனு கொடுக்கப் போனாள்.

"வந்தனமுங்க" என்றாள். "வெயில் ஏறுற வரைக்கும் குட்டைய எங்கள மாதிரி சின்ன உருப்படிகளுக்கு விட்டீங்கன்னா, குட்டி குட்டான்கள் தெளிஞ்ச தண்ணி குடிச்சுக்கும். அதுக்கு மேல பன்னிங்க தாராளமா பொரளட்டுமுங்க."

"நோ" என்றார் வேங்கடபதி.

பாவாத்தாள் மேலே பார்த்தாள். ரோசலின் சிறகைக் கோதிவிட்டுச் சொன்னாள்: "நம்பர்னு அர்த்தம். இங்கிலீசுல என்-னும் ஓ-வும் போட்டுப் பக்கத்துல ஒரு புள்ளி வச்சா அது நம்பர். வீட்டு நோ, போன் நோ எல்லாம் அதுதான். உன் மனுவுக்கு நம்பர் போடணும்ங்கறார்."

ரோசலின் ஓர் ஆலிலையில் அலகால் கொத்தி நம்பர் போட்டுக் கொடுத்தாள். இருபத்தேழு. பாவாத்தாள் இலையை வாயில் கவ்வி, மூன்று நாள் காத்திருந்தாள். வரிசையில் பின்னால் நின்ற உடும்பு அவள் சுருண்டு கிடந்ததைப் பார்த்துக் கல் என்று நினைத்து மேலே ஏறி உட்கார்ந்து வெயில் காய்ந்தது. 

நான்காம் நாள் அவள் முறை வந்தது. இலையை வைத்தாள். அதே மனுவைச் சொன்னாள்.

"நோ."

"தெரியும்னு அர்த்தம்" என்றாள் ரோசலின்.

"போன தடவ நம்பர்னீங்களே டீச்சரம்மா?"

"இது வேற நோ. இதுக்கு முன்னாடி ஒரு கே எழுதணும். எழுத்துல இருக்கும், வாயில வராது. உன் கஷ்டம் ஐயாவுக்குத் தெரியும். நீ வீட்டுக்குப் போ."

பாவாத்தாள் சந்தோஷமாகப் போனாள். தலைவருக்கே தெரிந்துவிட்டது, இனி என்ன குறை என்று பூவாளிடம் சொன்னாள். ஒரு வாரம் போயிற்று. தலைவருக்குத் தெரிந்தபடியே எல்லாம் இருந்தது. பன்றிகள் புரண்டன. பூவாள் கண்ணைத் திறப்பதே குறைந்தது.

மூன்றாம் தடவை போனபோது நஞ்சப்பனும் அங்கே வந்து நின்றுகொண்டிருந்தார். விஷயம் அவர் காதுக்குப் போயிருந்தது.

"ஐயா, நாங்க குட்டைல எறங்கறதுக்கு எதாச்சும் தடை இருக்குதுங்களா?" என்று முந்திக்கொண்டு கேட்டார்.

வேங்கடபதி தாடையைப் பாறையில் அழுத்தியபடி, "நோ… நோ" என்றார்.

"ரெண்டு தடவை சொன்னா உபசாரம்" என்றாள் ரோசலின். "சேச்சே, தடையா, ஒரு தடையும் இல்லை, தாராளமா போங்கன்னு அர்த்தம்."

நஞ்சப்பன் மூக்கை உயர்த்திக்கொண்டு போனார்.

பாவாத்தாள் கிளையைப் பார்த்தாள். "அப்ப எனக்குங்க டீச்சரம்மா?"

"உனக்குத்தான் ஐயா தெரியும்னு சொல்லிட்டாரே" என்றாள் ரோசலின். ஆனால் அதைச் சொல்லும்போது அவள் பாவாத்தாளைப் பார்க்கவில்லை, பக்கத்துக் கிளையைப் பார்த்தாள். அர்த்தம் சொல்வதில் அவளுக்குப் பெருமை இருந்தது. ஆனால் அன்றைக்குச் சொன்ன அர்த்தம் அவளுக்கே பிடிக்கவில்லை. நாற்பது பன்றிகள் கீழே நிற்கும்போது நாக்கு தானாக அந்தப் பக்கம் சாய்ந்துவிட்டது.

மறுநாள் மத்தியானம். காலையிலிருந்தே பூவாள் அம்மாவின் வயிற்றோடு ஒட்டிக்கொண்டு, "நோ… நோ…" என்று முனகிக்கொண்டிருந்தாள். "நோவுதும்மா" என்று முழுதாகச் சொல்லக்கூட அவளிடம் மூச்சில்லை. பாவாத்தாளுக்கு அதைக் கேட்டுக்கொண்டு வளைக்குள் உட்கார்ந்திருக்க முடியவில்லை. குட்டியை வாலில் போட்டுக்கொண்டு நாலாம் தடவையாகக் கிளம்பினாள். அர்த்தம் சொன்னாலும் சொல்லாவிட்டாலும் தலைவர் காலில் விழுந்துவிடுவது என்று முடிவு செய்திருந்தாள்.

பாறையருகே யாரும் இல்லை. ரோசலின் மத்தியானச் சாப்பாட்டுக்குக் கான்வென்ட் பக்கம் போயிருந்தாள், பிள்ளைகள் டிபன் டப்பா கழுவும் நேரம் அது. வேங்கடபதி தனியாகப் படுத்திருந்தார். அவர் கண்கள் மூடியிருந்தன.

"நோ…" என்றார்.

பாவாத்தாள் திடுக்கிட்டுச் சுருளப் பார்த்தாள். பிறகு யோசித்தாள். நான் இன்னும் எதுவும் கேட்கவே இல்லையே. மனு கொடுக்க வேறு யாரும் இல்லையே. இவர் யாரிடம் நோ சொல்கிறார்?

"நோ… நோ…" என்றார் வேங்கடபதி மறுபடியும். அவருடைய வலது கன்னம் பலாக்காய் போல வீங்கியிருந்தது.

அந்தக் குரல் பாவாத்தாளுக்குத் தெரிந்த குரல். காலையிலிருந்து அதைத்தான் கேட்டுக்கொண்டிருந்தாள்.

"ஏனுங்க சாமி" என்றாள் மெதுவாக, "எங்கீங்க நோவுது?"

வேங்கடபதி கண்ணைத் திறந்தார். மூன்று மாதமாக அந்தக் கேள்வியை யாரும் அவரிடம் கேட்டதில்லை. தான் புலி என்பதையும் தலைவர் என்பதையும் மறந்தார். முன்னங்காலால் கன்னத்தைத் தொட்டுக் காட்டினார்.

"வாயத் தொறங்க, பாக்கறேன்."

அவர் திறந்தார். பாவாத்தாளுக்குச் சுருண்டுகொள்ளத் தோன்றியது. பின்னால் வாலில் பூவாள் கிடந்ததால் சுருளவும் வழியில்லை. சுருண்டால் குட்டி நசுங்கும். அதனால் நின்றாள். உள்ளே எட்டிப் பார்த்தாள். கடைவாய்ப் பல்லுக்கும் ஈறுக்கும் நடுவே முள்ளம்பன்றி முள் ஒன்று முறிந்து ஏறி, சுற்றிலும் சீழ் பிடித்திருந்தது. புலியின் நகத்துக்கு எட்டாத இடம். ஆனால் முழ நீள நாக்குக்கு எட்டும்.

அவள் கண்ணை மூடிக்கொண்டு, புற்றுக்குள் விடுவதுபோல நாக்கை விட்டாள். முள்ளைச் சுற்றி வளைத்தாள். ஒரே இழுப்பு.

வேங்கடபதி உறுமினார். மூன்று மாதம் அடக்கிவைத்திருந்த உறுமல் அது. மலைக்கு அந்தப் பக்கம்வரை கேட்டது. மரத்திலிருந்து பழம் உதிர்ந்தது. என்னவோ ஏதோவென்று காடு முழுவதும் பாறையடிக்கு ஓடிவந்தது. நஞ்சப்பன் சேறு சொட்டச் சொட்ட வந்தார். ரோசலினும் அலகில் ஒரு சோற்றுப் பருக்கையோடு பறந்து வந்து கிளையில் உட்கார்ந்தாள்.

வேங்கடபதி தாடையை இப்படியும் அப்படியும் அசைத்துப் பார்த்தார். பிறகு சுத்தமான தமிழில் பேசினார்.

"அப்பாடா! உசிரு வந்துச்சு. லாரியில இருந்து எறங்கின அன்னிக்கே பசியில ஒரு முள்ளம்பன்றியைக் கடிச்சேன். அன்னியில இருந்து பல்லுல முள்ளு. வரவேற்பு அன்னிக்கே சொல்லத்தான் வாயத் தொறந்தேன். நோவுதுன்னு சொல்ல வந்தேன், நோ வரைக்கும் வந்துச்சு, அதுக்கு மேல வலி விடல. அதுக்குள்ள எல்லாரும் கை தட்டிட்டீங்க."

"மத்த நாள்ல சொல்லியிருக்கலாமேங்க?" என்று பாவாத்தாள் கேட்டாள்.

வேங்கடபதி கொஞ்சம் வெட்கப்பட்டார். "கை தட்டினது நல்லா இருந்துச்சு."

கூட்டத்தில் சலசலப்பு எழுந்தது. நம்பர், தெரியும், உபசாரம், எல்லாமே ஒரு பல்வலியா? எல்லாத் தலைகளும் கிளையை நோக்கித் திரும்பின. ரோசலின் அலகிலிருந்த சோற்றுப் பருக்கை நழுவிக் கீழே விழுந்தது. அவளுக்கு எங்காவது பறந்துபோய்விடலாம் என்று இருந்தது. ஆனால் பாறையடியில் பாவாத்தாள் நின்றிருந்தாள், வாலில் பூவாள் துணிபோலத் துவண்டு கிடந்தாள். இவளைத்தான் மூன்று தடவை திருப்பி அனுப்பினோம் என்ற நினைப்பு ரோசலினின் காலைக் கிளையோடு கட்டிப்போட்டது.

"சாமி" என்றாள் பாவாத்தாள், "இப்பத்தான் பல்லு சரியாயிருச்சுங்களே. எம் மனுவுக்கு ஒரு பதில் சொல்லுங்க. வெயில் ஏறுற வரைக்கும் குட்டை எங்களுக்கு வேணுமுங்க."

வேங்கடபதி யோசித்தார். எதிரே நாற்பது பன்றிகள் நின்றன. இந்தப் பக்கம் ஓர் அழுங்கு. மூன்று மாதம் ஒற்றைச் சொல்லில் ஆட்சி நடத்தியதில், நீளமாகப் பேசுவது தலைவருக்கு அழகில்லை என்ற எண்ணமும் அவருக்குப் படிந்திருந்தது. தொண்டையைச் செருமிக்கொண்டு, காட்டில் யாருக்கும் சந்தேகம் வராத குரலில் சொன்னார்:

"கூடாது."

 நோ என்று சொன்ன நாட்களிலாவது அதற்குள் ஏதோ ஓர் அர்த்தம் தனக்காக ஒளிந்திருக்கும் என்று பாவாத்தாள் நம்பியிருந்தாள். இதில் ஒளிவதற்கு இடமே இல்லை.

அப்போதுதான் அது நடந்தது. நஞ்சப்பன் பழக்கதோஷத்தில் கிளையைப் பார்த்து, "ஐயா என்னங்கம்மா சொல்றாரு?" என்று கேட்டுவிட்டார்.

கேட்டவர் மட்டும் இல்லை, காடே கிளையைப் பார்த்தது. தமிழில்தான் சொன்னார், எல்லோருக்கும் காது கேட்டது. ஆனாலும் மூன்று மாதமாகத் தலைவர் வாயைப் பார்ப்பதும் அர்த்தத்துக்காகக் கிளையைப் பார்ப்பதுமாகப் பழகிய கழுத்துகள் தாமாகவே மேலே திரும்பின.

 ரோசலின் பூவாளைப் பார்த்தாள். தலையைச் சாய்த்தாள்.

"கூடாதுன்னா, கூட்டம் கூடாது" என்றாள். "குட்டைல நாப்பது பேர் ஒண்ணாக் கூடுறது இனிமே கூடாது. வெயில் ஏறின பிறகு பத்துப் பத்துப் பேரா எறங்கணும். காலை நேரம் சின்னவங்களுக்கு."

"ஓ!" என்றது கூட்டம்.

வேங்கடபதி துள்ளி எழுந்தார். "நான் அப்படிச் சொல்லல! இந்தம்மா எனக்கு வைத்தியம் பாத்துச்சு. அதுக்காகச் சலுகை கொடுத்தேன்னு நாளைக்குப் பேச்சு வரும். அதனாலதான் கூடாதுங்கறேன்!"

எல்லோரும் மேலே பார்த்தார்கள்.

"வைத்தியத்துக்காக இல்லை, நியாயத்துக்காகத்தான் கொடுக்கறேன், நாளைக்கு யாரும் தப்பாப் பேசக் கூடாதுங்கறார்" என்றாள் ரோசலின்.

"எப்பேர்ப்பட்ட மனசு!" என்றது உடும்பு.

"நான் சொன்னது அது இல்லை!" என்று வேங்கடபதி கத்தினார்.

"தன்னடக்கம்" என்றாள் ரோசலின்.

கைதட்டல் கிளம்பியது. வேங்கடபதி அதைக் கேட்டதும் வாயை மூடிக்கொண்டார். காது அவரை அறியாமல் முன்னால் வளைந்தது. கொஞ்ச நேரம் நின்று கேட்டார். நஞ்சப்பன் முகத்தைச் சுளித்தார். ஆனால் தலைவர் உத்தரவு என்று ஊரே கைதட்டும்போது ஒருவர் மட்டும் தட்டாமல் நின்றால் நன்றாக இருக்காது என்று அவரும் குளம்பைத் தட்டினார்.

கைதட்டல் ஓய்ந்ததும் வேங்கடபதி தன் பல்லை நாக்கால் தடவிப் பார்த்து, "பசிக்குது" என்றார்.

"என்னங்கம்மா சொல்றாரு?" என்று கூட்டம் கிளையைப் பார்த்தது.

மான்கள் மட்டும் மொழிபெயர்ப்புக்குக் காத்திருக்கவில்லை. அவை அதற்குள் இரண்டாவது மலையைத் தாண்டியிருந்தன.

மறுநாள் விடியலில் பாவாத்தாள் கல்லுக்குட்டைக்குப் போனாள். தண்ணீர் அசையாமல் கிடந்தது. அடியில் கிடந்த கூழாங்கல் தெரிந்தது. பூவாள் வாலிலிருந்து இறங்கி, விளிம்பில் படுத்து, நாக்கை நீட்டி நிறையக் குடித்தாள். நான்காம் நாள் எறும்பு கேட்டாள். ஒரு வாரத்தில் அம்மாவின் வாலைக் கெட்டியாகப் பிடித்துக்கொண்டு, வேகமாகப் போகச் சொல்லி நச்சரிக்க ஆரம்பித்தாள்.

நீதி: தலைவர் தெளிவாகப் பேசினால் மட்டும் போதாது, அதைத் தப்பாக மொழிபெயர்க்க நல்ல மனசுள்ள ஒருவர் பக்கத்தில் இருக்க வேண்டும்.